லேனாவாக நடித்த லேனா

ஆவணப்படம் ஒன்றைப் பார்த்துவிட்டு எழுந்திருக்கும் நான்கு பேரில் ஒருவராவது கேட்டுவிடுகிறார்: "இதெல்லாம் நிஜமாகவே நடந்ததா, இல்லை சொல்லிக்கொடுத்து எடுத்ததா?" நியாயமான கேள்விதான். ஆனால் கேள்விக்குள்ளேயே ஒரு தப்புக் கணக்கு உட்கார்ந்திருக்கிறது. நடிப்பும் நிஜமும் தராசின் இரண்டு தட்டுகள், ஒன்று ஏறினால் மற்றொன்று இறங்கியாக வேண்டும் என்று நாமே முடிவுகட்டிவிடுகிறோம். "சோதனை ஆவணப்படம்" என்று யாராவது சொல்லிவிட்டால் குழப்பம் இன்னும் கூடும். கேமரா ஆடும், கதை பிடிபடாது, எங்கேயாவது ஒரு விருது வாங்கும்: அதைப் பற்றி நம்மிடம் இருக்கும் சித்திரம் பெரும்பாலும் இவ்வளவுதான்.

இந்தச் சிக்கலைப் பிரிக்க லேனா நீமன் என்ற ஸ்வீடன் நடிகையைத் துணைக்கு அழைத்துக்கொள்கிறேன். ஸ்வீடன் சினிமா என்றதும் நம்மவர்களுக்கு இங்மர் பெர்க்மன் நினைவுக்கு வருவார். அவருடைய நடிகைகள் நாலைந்து பேரின் பெயரும் கூடவே வரும். லேனாவின் பெயர் அந்தப் பட்டியலில் அநேகமாக இருக்காது. 1967இல் வெளிவந்த ஒரு படத்தில் அவர் லேனா என்ற பெண்ணாகவே நடித்தார். அது கதைப்படமா, ஆவணப்படமா என்று தீர்மானிக்க முயன்றால் தலை சுற்றும். ஏன் சுற்றுகிறது என்பது விளங்கிவிட்டால் ஆவணப்படத்தின் பாதி ரகசியம் பிடிபட்டுவிடும்.

அங்கே போவதற்கு முன் ஒரு கல்யாண வீட்டுக்குப் போய்வருவோம்.

வாசலில் இரண்டாம் அழுகை

என் சித்தி மகளின் கல்யாணம். சடங்கெல்லாம் முடிந்து பெண்ணை அனுப்பும் நேரம். அவள் படியிறங்கிக் காரில் ஏறிவிட்டாள். சித்தியின் முகத்தில் அழுகை எதுவும் இல்லை. சீர் முறுக்கு வைத்த டின் வண்டியில் ஏறியதா என்ற கவலை மட்டும்தான் தெரிந்தது. அப்போது வீடியோக்காரர் மூச்சிரைக்க ஓடிவந்தார். பேட்டரி மாற்றிக்கொண்டிருந்தாராம். "அம்மா, ஒரே ஒருமுறை திரும்ப வரச் சொல்லுங்கள்."

பெண் சிரித்துக்கொண்டே காரிலிருந்து இறங்கி வீட்டுக்குள் போனாள். வாசல் காலியாயிற்று. வீடியோக்காரர் கையைக் காட்டினார். அவள் மறுபடியும் நிலைப்படியைத் தாண்டி வெளியே வந்தாள். சித்தி உடைந்து போனார். தூணைப் பிடித்துக்கொண்டு அவர் அழுத அழுகையில் சொந்தபந்தம் மொத்தமும் கண்ணைத் துடைத்துக்கொண்டது. இன்றைக்கும் அந்த வீடியோவில் இருப்பது அந்த இரண்டாம் முறைதான்.

இப்போது சொல்லுங்கள், அந்த அழுகை நிஜமா, நடிப்பா? படியிறங்கியது திரும்பச் செய்த காரியம், அதில் சந்தேகமில்லை. கண்ணீர் அசல், அதிலும் சந்தேகமில்லை. முதல் முறை வேலைப் பரபரப்பில் தெரியாமல் போன பிரிவு, இரண்டாம் முறை சும்மா நின்று பார்த்தபோதுதான் சித்திக்கு உறைத்தது. கேமரா இல்லாவிட்டால் அந்த அழுகையே வந்திருக்காது.

நடந்த ஒன்றைக் கேமராவுக்காக மீண்டும் செய்துகாட்டுவதை "மறுநிகழ்த்தல்" என்கிறார்கள். ஆவணப்படத்தின் வரலாறு முழுக்க இது இருக்கிறது.

சுருக்கமாகச் சொன்னால்: செயல் ஏற்பாடாக இருக்கலாம், அதற்குள் பிறக்கும் உணர்ச்சி அசலாக இருக்கலாம். இரண்டும் ஒரே காட்சிக்குள் சண்டை போடாமல் இருக்க முடியும்.

பாதி வெட்டிய பனிவீடு

உலகம் அறிந்த முதல் பெரிய ஆவணப்படமாகப் பலரும் சொல்வது 1922இல் வந்த 'வடக்கின் நானூக்'. ராபர்ட் ஃபிளாஹர்ட்டி என்ற அமெரிக்கர் கனடாவின் வடகோடியில் இனுவிட் மக்களிடையே எடுத்தது. நானூக் என்பது படத்துக்காக வைத்த பெயர். அந்த மனிதரின் உண்மையான பெயர் அல்லாகாரியல்லாக். படத்தில் அவர் பனிக்கட்டிகளை அறுத்து வீடு கட்டுகிறார். கட்டி முடித்ததும் குடும்பம் அதற்குள் தூங்குகிறது. அந்தக் காலத்து ஃபிலிமுக்கு வெளிச்சம் ஏராளமாக வேண்டும். பனிவீட்டுக்குள் அவ்வளவு வெளிச்சம் ஏது? எனவே உள்காட்சிகளை எடுக்க ஒரு பக்கம் திறந்த பனிவீட்டைக் கட்டினார்கள். அந்தத் திறந்த வீட்டில், கொட்டும் குளிரில், குடும்பம் உடை களைந்து தூங்குவதுபோல் படுத்துக்கொண்டது. அதே மனிதர் அப்போது துப்பாக்கியால் வேட்டையாடிக்கொண்டிருந்தவர். படத்துக்காகத் தாத்தா காலத்து எறியீட்டியைக் கையில் எடுத்தார்.

இதைக் கேள்விப்பட்டதும் "அப்படியென்றால் அது மோசடிதானே" என்று சிலர் உதறிவிடுகிறார்கள். எனக்கு அவ்வளவு சுலபமாக உதற முடியவில்லை. பனிக்கட்டியை அறுக்கும் கத்தியின் லாகவம் பொய் இல்லை. பக்கச்சுவரில் தெளிந்த பனிக்கட்டியை ஜன்னலாகப் பதித்து, அதன் மேல் ஒளி விழும்படி ஒரு பனித்துண்டை நிறுத்தும் நுட்பம் பொய் இல்லை. என்னை உறுத்துவது வேறொன்று: துப்பாக்கி வைத்திருந்த ஒரு சமூகத்தை ஈட்டி வைத்திருக்கும் சமூகமாகப் படம் காட்டியது, ஆனால் பார்ப்பவருக்கு அதைச் சொல்லவில்லை. நடித்தது தவறாகத் தெரியவில்லை. நடித்ததை மறைத்ததுதான் உறுத்துகிறது. இந்த இடத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு திரும்பி வருவோம்.

ஒளிந்திருக்கும் கேமரா, உசுப்பும் கேமரா

1960ஐ ஒட்டி ஒரு தொழில்நுட்ப மாற்றம் வந்தது. தோளில் வைத்துக்கொண்டு நடக்கக்கூடிய எடை குறைந்த கேமராக்களும், நாக்ரா என்ற கையடக்கமான டேப் ரெக்கார்டரும் புழக்கத்துக்கு வந்தன. படமும் ஒலியும் ஒரே நேரத்தில், தெருவில் நின்றபடியே, உதடும் பேச்சும் பிசகாமல் பதிவாகும். இன்று கைப்பேசியில் சாதாரணமாகச் செய்கிற காரியம். அன்று அது புரட்சி.

அந்தக் கருவியை வைத்துக்கொண்டு இரண்டு தரப்பு கிளம்பியது. அமெரிக்காவில் ராபர்ட் ட்ரூ, ரிச்சர்ட் லீக்காக் முதலியோர், சுவரில் உட்கார்ந்த பல்லிபோல ஓரமாக இருந்து, எதிலும் தலையிடாமல் எடுக்க வேண்டும் என்றார்கள். இதற்கு "நேரடி சினிமா" என்று பெயர். 1960இல் கென்னடியின் தேர்தல் பிரச்சாரத்தை அவர்கள் இப்படித்தான் பின்தொடர்ந்தார்கள்.

பிரான்சில் ழான் ரூஷ் என்ற மானிடவியலாளர் வேறு மாதிரி யோசித்தார். கேமரா இருக்கிறது என்று எல்லோருக்கும் தெரிகிறது; இல்லாததுபோல் பாவனை எதற்கு? அதை வைத்தே மனிதர்களை உசுப்பினால் சாதாரணமாக வெளிவராத உண்மை வெளிவரலாமே என்பது அவர் கட்சி. இப்படி, கேமராவின் இருப்பை ஒப்புக்கொண்டு அதையே தூண்டுகோலாகப் பயன்படுத்தும் முறைக்கு "சினிமா வெரித்தே" என்று பெயர். பிரெஞ்சில் "உண்மைச் சினிமா" என்று பொருள்.

ரூஷும் சமூகவியலாளர் எட்கர் மோரானும் 1960ஆம் ஆண்டு கோடையில் பாரிஸில் எடுத்த படம் 'ஒரு கோடையின் குறிப்பேடு'. மைக்கைப் பிடித்துக்கொண்டு தெருவில் போவோர் வருவோரிடம் "நீங்கள் மகிழ்ச்சியாக இருக்கிறீர்களா?" என்று கேட்பதில் தொடங்குகிறது. கேட்பவர்களில் ஒருவர் மார்சலின் லொரிதான். நாஜி வதைமுகாமிலிருந்து உயிரோடு திரும்பியவர். பின்னொரு காட்சியில் அவர் தனியாக நடக்கிறார். ரெக்கார்டர் அவர் தோளிலேயே தொங்குகிறது. திரும்பி வராத தன் அப்பாவிடம் பேசுவதுபோல் தணிந்த குரலில் பேசிக்கொண்டே வருகிறார். கேமரா அவரை விட்டு விலகிப் பின்னால் போய்க்கொண்டே இருக்கிறது. உருவம் சிறுத்துப் போகிறது, குரல் மட்டும் நம் காதோரத்திலேயே இருக்கிறது.

படத்தின் முடிவில் ஒரு வேடிக்கை செய்தார்கள். எடுத்த காட்சிகளை அதில் இடம்பெற்றவர்களுக்கே போட்டுக்காட்டி, அவர்கள் கருத்தையும் படமாக்கினார்கள். சிலர் "இவ்வளவு அந்தரங்கத்தை வெளியே கொட்டுவதா" என்றார்கள்; சிலர் "இதெல்லாம் நடிப்பு" என்றார்கள். பிறகு ரூஷும் மோரானும் அருங்காட்சியகம் ஒன்றின் கூடத்தில் குறுக்கும் நெடுக்கும் நடந்தபடி இதைப் பற்றியே பேசிக் குழம்புகிறார்கள். அந்தக் குழப்பத்தையும் வெட்டாமல் படத்தில் வைத்துவிட்டார்கள்.

கல்யாண வீடியோக்காரருக்கு ரூஷைத் தெரிந்திருக்காது. ஆனால் அன்று அவர் செய்தது சினிமா வெரித்தேதான், பேட்டரியின் புண்ணியத்தில்.

சோதனை எதைச் சோதிக்கிறது?

"சோதனை ஆவணப்படம்" என்பதில் சோதனைக்கு உள்ளாவது பார்வையாளரின் பொறுமை என்று ஒரு நண்பர் சொல்வார். சில படங்களைப் பொறுத்தவரை மறுக்க முடியாது. ஆனால் சொல்லின் பொருள் வேறு. உலகத்தைக் காட்டுவதோடு, அதைக் காட்டும் விதத்தையும் கேள்விக்கு உட்படுத்தும் ஆவணப்படம்தான் சோதனை ஆவணப்படம். சாதாரணப் படம் ஜன்னல் என்றால், இது ஜன்னலின் கண்ணாடியையும் சட்டத்தையும் அதில் படிந்த விரல் ரேகையையும் சேர்த்துக் காட்டுவது.

பழைய உதாரணம் ஒன்று. சோவியத் இயக்குநர் ஸீகா வெர்த்தவ் 1929இல் 'கேமராவுடன் ஒரு மனிதன்' என்ற படத்தை எடுத்தார். அதில் ஓடிக்கொண்டிருக்கும் ஒரு காட்சி சட்டென்று உறைந்து நிற்கிறது. அடுத்து அதே காட்சி ஃபிலிம் துண்டாக ஒரு மேசையில் கிடக்கிறது. ஒரு பெண் அதைக் கையிலெடுத்துப் பார்க்கிறார், கத்தரிக்கிறார், ஒட்டுகிறார். அவர்தான் அந்தப் படத்தின் உண்மையான படத்தொகுப்பாளர் எலிசவேத்தா ஸ்விலோவா, வெர்த்தவின் மனைவி. பிறகு காட்சி மறுபடி உயிர்பெற்று ஓடுகிறது. நீங்கள் பார்ப்பது தைத்த துணி, இதோ தையல்காரர் என்று படமே சொல்லிவிடுகிறது. "சினிமா வெரித்தே" என்ற பெயரும் வெர்த்தவிடமிருந்து வந்ததுதான். 1922இல் அவர் தொடங்கிய செய்திப்படத் தொடருக்குச் சூட்டிய ருஷ்யப் பெயரின் பிரெஞ்சு மொழிபெயர்ப்பு அது.

தான் ஒரு படம் என்பதைப் படமே காட்டிக்கொள்ளும் இந்தக் குணத்தைத் "தன்சுட்டல்" என்று வைத்துக்கொள்வோம். நமக்கு இது புதிதே இல்லை. தெருக்கூத்தில் கட்டியங்காரன் என்ன செய்கிறான்? துரியோதனன் சபையில் வேலைக்காரனாக நிற்பான். மறுகணம் சபையிலிருந்து விலகி, முன்வரிசையில் தூங்குகிறவரைக் கிண்டல் செய்வான். கதைக்குள்ளும் வெளியிலும் அவன் போய்வருவதால் கூத்து கெட்டுவிட்டது என்று யாரும் எழுந்து போவதில்லை.

இதுவரை பார்த்தது: மறுநிகழ்த்தல், கேமரா தூண்டும் உணர்ச்சி, தன்சுட்டல். மூன்றையும் ஒரே படத்தில் போட்டுக் கலக்கினால் என்ன ஆகும்?

ஸ்டாக்ஹோம் தெருவில் ஒரு மைக்

வில்கொத் ஷோமான் பெர்க்மனின் நிழலில் வளர்ந்த ஸ்வீடன் இயக்குநர். பெர்க்மன் ஒரு படத்தை எடுக்கும் விதத்தையே தொலைக்காட்சிக்கு ஆவணத் தொடராக எடுத்தவர். படமெடுப்பதைப் படமெடுப்பது அவருக்கு அப்போதே பிடித்திருந்தது போலும். அவருடைய '491' என்ற படத்தைத் தணிக்கைக் குழு தடைசெய்து, பிறகு வெட்டுகளோடு 1964இல் வெளியே விட்டது. அதில் ஒரு வேடத்தில் நடித்தவர்தான் லேனா நீமன்.

லேனா 1944இல் ஸ்டாக்ஹோமில் பிறந்தவர். 1955இலேயே சிறுமியாகத் திரையில் தோன்றியிருக்கிறார். பிறகு ஸ்வீடனின் அரசவை நாடக அரங்கான திராமாத்தென் நடத்திய நடிப்புப் பள்ளியில் பயின்றார். ஷோமான் முன்கூட்டி எழுதிய திரைக்கதையைத் தூக்கி வைத்துவிட்டு, நடிகர்களோடு அந்தந்த இடத்தில் உருவாக்கும் ஒரு படத்துக்கு அவரை மையமாக வைத்தார். எடுத்தது இரண்டு படங்களாகப் பிரிந்தது: 1967இல் 'நான் ஆவல் கொண்டவள் – மஞ்சள்', 1968இல் அதே பெயரில் 'நீலம்'. மஞ்சளும் நீலமும் ஸ்வீடன் கொடியின் நிறங்கள்.

கதை என்று பார்த்தால், இருபதுகளின் தொடக்கத்தில் இருக்கும் லேனா என்ற பெண். எதையும் தெரிந்துகொண்டாக வேண்டும் என்ற துடிப்பு. அறை முழுக்கக் கோப்புகள், அட்டைப்பெட்டிகள். தனக்குத்தானே ஓர் ஆராய்ச்சி நிறுவனம் நடத்துவதாக நினைப்பு. மைக்கை எடுத்துக்கொண்டு ஸ்டாக்ஹோம் தெருக்களில் எதிர்ப்படுபவர்களிடம் "ஸ்வீடனில் வர்க்க வேறுபாடு இருக்கிறதா?" என்று கேட்கிறாள். சமத்துவத்தில் உலகத்துக்கே வழிகாட்டி என்று தன்னை நினைத்துக்கொண்டிருந்த நாட்டில் அந்தக் கேள்வி சிலரைச் சங்கடப்படுத்துகிறது. சிலர் கேள்வியே புரியாதவர்கள்போல் விழிக்கிறார்கள்.

அடுத்த காட்சியை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். ஸ்பெயினில் விடுமுறையைக் கழித்துவிட்டு வெயிலில் கருத்துத் திரும்பும் ஸ்வீடன் பயணிகளை லேனா மடக்குகிறாள். அங்கே ஃபிராங்கோவின் சர்வாதிகாரம் நடக்கிறதே, அதைப் பற்றி உங்களுக்கு ஒன்றும் தோன்றவில்லையா என்று துளைக்கிறாள். பையைக் கையில் பிடித்தபடி அவர்கள் தடுமாறுகிறார்கள்.

இந்தக் காட்சியில் எது எது என்னென்ன என்று பிரித்துப் பாருங்கள். பயணிகள் நிஜம். அவர்கள் தடுமாற்றம் நிஜம். ஃபிராங்கோவின் ஆட்சி நிஜம். கேட்கும் பெண் மட்டும் கதாபாத்திரம். அவளுக்கு ஸ்பெயின் மேல் ஏன் இவ்வளவு ஆத்திரம்? படத்தின் கதைப்படி அவளுடைய அப்பா ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் சண்டையிடப் போய், கொஞ்ச நாளிலேயே திரும்பி வந்துவிட்டவர். அந்த ஏமாற்றம் அவளைக் குடைகிறது. அந்த அப்பா முழுக்கக் கற்பனை. நடித்தவர் தொழில்முறை நடிகர். ஆக, இல்லாத ஓர் அப்பாவின் மேல் எழுந்த கோபம், இருக்கும் மனிதர்களிடம் கேள்வியாகப் பாய்ந்து, இருக்கும் பதில்களை வாங்கி வருகிறது. கற்பனை தூண்டிலாகவும் நிஜம் மீனாகவும் ஆகிவிட்ட ஏற்பாடு இது.

இன்னொரு பக்கம், ஷோமானே ஷோமானாகப் படத்தில் வருகிறார். கேமராமேனும் உதவியாளர்களும் தெரிகிறார்கள். லேனாவும், அவள் காதலனாக நடிக்கும் போர்யே ஆல்ஸ்டெட்டும் நெருங்கிப் பழகுவதைப் பார்த்து இயக்குநருக்குப் பொறாமை. படப்பிடிப்பின் நிஜத்தைத்தான் காட்டிவிட்டார்கள் என்று நாம் நினைக்கும்போது, அந்தப் பொறாமையும் ஏற்பாடுதான் என்று மெல்ல உறைக்கிறது. வெர்த்தவின் மேசையில் ஃபிலிமைக் கத்தரித்தது உண்மையான தொகுப்பாளர். ஷோமானோ, "இதோ திரையை விலக்கிவிட்டேன்" என்று சொல்லி இன்னொரு திரையைக் காட்டுகிறார்.

போதாததற்கு நிஜமான பெரிய மனிதர்களும் வருகிறார்கள். அப்போது போக்குவரத்து அமைச்சராக இருந்து, 1969இல் பிரதமரான ஊலொஃப் பால்மே, வர்க்கம் பற்றிய கேள்விக்குத் தன் பெயரிலேயே பதில் சொல்கிறார். மார்ட்டின் லூதர் கிங் 1966 மார்ச்சில் ஸ்டாக்ஹோமுக்கு வந்தபோது எடுத்த பேட்டி, கதையின் நடுவே செருகப்பட்டிருக்கிறது. ஓர் இடத்தில், ஒரு நாளில் எடுத்ததை வேறோர் இடத்தில் வேறொரு நாளில் எடுத்ததோடு ஒட்டி, இரண்டும் ஒன்றுக்கொன்று பதில் சொல்வதுபோல் ஆக்குவது படத்தொகுப்பின் வேலை. மேசையில் நடக்கும் இந்த வேலைதான் எந்த ஆவணப்படத்திலும் மிகப் பெரிய "நடிப்பு"; அதை யாரும் நடிப்பு என்று சொல்வதில்லை.

மீண்டும் ஒருமுறை நின்று பார்ப்போம். இந்தப் படத்தில் நிஜ மனிதர்கள் நிஜமாகப் பேசுகிறார்கள், நடிகர்கள் நடிக்கிறார்கள், படக்குழு படக்குழுவாக நடிக்கிறது. இவை தனித்தனி அறைகளில் இல்லை, ஒரே கூடத்தில் உலாவுகின்றன. எல்லா அறைக்கும் போய்வரும் ஒரே ஆள் லேனா.

பெயர் செய்த வினை

கட்டியங்காரன் கூத்து முடிந்ததும் முகச்சாயத்தைத் துடைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விடலாம். லேனாவுக்கு அந்த வசதி கிடைக்கவில்லை. பாத்திரத்தின் பெயரும் அவர் பெயரும் ஒன்று. வயதும் ஊரும்கூட ஏறக்குறைய ஒன்றுதான். தெருவில் நிஜ மனிதர்களிடம் கேள்வி கேட்டவர் என்பதால், படுக்கையறைக் காட்சிகளில் வந்ததும் நிஜ லேனாதான் என்று பார்த்தவர்கள் எடுத்துக்கொண்டார்கள். ஆவணப் பகுதிகள் கொடுத்த நம்பகத்தன்மை முழுவதும் கதைப் பகுதிகளின் மேல் வழிந்து ஓடியது.

ஆம், படத்தில் உடலுறவுக் காட்சிகள் உண்டு. அந்தக் காலத்துக்கு மிக வெளிப்படையானவை. இன்று பார்த்தால் பாதி வேடிக்கையாகவும் பாதி சண்டையாகவும் தெரிபவை. ஸ்வீடனில் தணிக்கைக் குழு இந்த முறை வெட்டில்லாமல் அனுப்பிவிட்டது. அமெரிக்காவில்தான் பெரும் அமளி. 1968 தொடக்கத்தில் சுங்க அதிகாரிகள் படப்பெட்டியைக் கைப்பற்றினார்கள். நியூயார்க்கில் ஜூரி அதை ஆபாசம் என்றது. அதே ஆண்டு நவம்பரில் மேல்முறையீட்டு நீதிமன்றம் இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் அந்தத் தீர்ப்பைத் தள்ளுபடி செய்தது. 1969 மார்ச்சில் படம் திரைக்கு வந்தபோது தியேட்டர் வாசலில் கூட்டம் அலைமோதியது. வர்க்க வேறுபாடு பற்றிய பேட்டிகளைப் பார்க்க வந்த கூட்டம் இல்லை என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. மேரிலாந்து மாநிலம் விதித்த தடை அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போயிற்று. நீதிபதி வில்லியம் டக்ளஸ், தன் நூலின் ஒரு பகுதியை இந்தப் படத்தின் விநியோகஸ்தர் நடத்திய பத்திரிகை வெளியிட்டிருந்ததால், வழக்கிலிருந்து விலகிக்கொண்டார். மிச்சமிருந்த எட்டுப் பேர் 1971இல் நாலுக்கு நாலு என்று பிரிந்தார்கள். தடை அப்படியே நின்றது.

இந்த ஆரவாரத்தில் லேனாவின் நடிப்பைக் கவனித்தவர்கள் குறைவு. ஸ்வீடனில் கவனித்தார்கள், நாட்டின் உயரிய திரை விருதான குல்ட்பாகே அவருக்குச் சிறந்த நடிகைக்காகக் கிடைத்தது. வெளியே விமர்சகர்கள் சிலர் அவருடைய உடல்வாகைப் பற்றி ஏளனமாக எழுதினார்கள். ஒரு கதாநாயகியின் தோற்றத்தைப் பற்றி எழுதுவதாக அவர்கள் நினைத்திருக்கலாம். ஆனால் பாத்திரத்துக்கும் ஆளுக்கும் நடுவே வேலியே இல்லாத படம் அது. எறிந்த கல் ஆள் மேலேயே விழுந்தது.

எல்லையை அழிப்பது கலைத் துணிச்சல் என்று இயக்குநர்களைப் பாராட்டுகிறோம். பாராட்டட்டும். ஆனால் எல்லை அழிந்தால் அதன் விலையை யார் கொடுக்கிறார்கள் என்ற கேள்வியை ஆவணப்படம் பற்றிய கட்டுரைகளில் நான் அரிதாகவே பார்க்கிறேன். ஷோமானும் தன் பெயரிலேயே நடித்தார். ஆனால் அவர் துணிச்சலான இயக்குநர் என்ற பெயரோடு வெளியே வந்தார்.

சரி, எதைக் கேட்பது?

இப்போது பனிவீட்டுக்குத் திரும்புவோம். "நிஜமா, நடிப்பா" என்ற கேள்வியை இந்தப் படங்களில் எதன் மேல் வைத்தாலும் வழுக்கி விழுகிறது. அதற்குப் பதில் வேறு ஒன்றைக் கேட்டுப் பாருங்கள்: நடிப்பு எங்கே இருக்கிறது என்பது யாருக்குத் தெரியும்?

நானூக் படத்தில் எடுத்தவருக்குத் தெரியும், நடித்தவருக்குத் தெரியும், பார்த்தவருக்குத் தெரியாது. பாரிஸ் படத்தில் மூவருக்கும் தெரியும். தெரியாததைக்கூட மூவரும் சேர்ந்து விவாதிக்கிறார்கள். கல்யாண வீடியோவில் அன்று வந்த சொந்தக்காரர்களுக்குத் தெரியும், இருபது வருஷம் கழித்துப் பார்க்கும் பேரனுக்குத் தெரியாது. ஸ்டாக்ஹோம் படத்தில் பார்ப்பவருக்கு அடிக்கடி நினைவூட்டப்படுகிறது. பையோடு நின்ற அந்தப் பயணிக்கோ, தன் எதிரே நிற்பது பத்திரிகையாளரா கதாபாத்திரமா என்பது முகத்தைப் பார்த்தால் விளங்கியிருக்காது.

இப்படிக் கேட்கத் தொடங்கினால் சோதனை ஆவணப்படம் புரியாத வஸ்துவாக இருப்பதில்லை. பெரும்பாலும் அது மற்ற படங்கள் மேசைக்கு அடியில் செய்வதை மேசை மேல் வைத்துச் செய்கிறது. அதனால்தான் முதலில் அந்நியமாகத் தெரிகிறது. தொலைக்காட்சியில் கம்பீரமான பின்னணிக் குரலோடு ஓடும் ஆவணப்படங்களில் மறுநிகழ்த்தலும் ஒட்டுவேலையும் இதைவிட அதிகமாக இருக்கலாம். குரல் கம்பீரமாக இருப்பதால் நமக்குச் சந்தேகம் வருவதில்லை, அவ்வளவுதான்.

அடுத்த கேள்வி இதிலிருந்தே கிளைக்கிறது: தெரியாதவர் யாரோ, அவர் தலையில் என்ன விடிகிறது? பார்வையாளருக்குத் தெரியவில்லை என்றால் அவர் தவறான தகவலோடு வீட்டுக்குப் போகிறார். படத்தில் இருப்பவருக்குத் தெரியவில்லை என்றால் அவர் முகம் அவர் ஒப்புக்கொள்ளாத ஒரு கதையில் மாட்டிக்கொள்கிறது. இவை இரண்டும் ஒரே எடையுள்ள தவறுகள் இல்லை. எனக்கு இரண்டாவது பெரிதாகப் படுகிறது.

லேனா மூன்றாவது வகை. அவருக்கு எல்லாம் தெரியும். தெரிந்தே, தன் பெயரையும் கொடுத்து நடித்தவர். உலகம் அதை எப்படி எடுத்துக்கொள்ளும் என்பது மட்டும் அவர் கையில் இல்லை.

மைக் இல்லாத லேனா

அந்தப் படத்தோடு அவர் நின்றுவிட்டதாக வெளிநாட்டு ரசிகர்கள் பலர் நினைக்கிறார்கள். ஸ்வீடனில் அவர் மேடையிலும் நகைச்சுவைப் படங்களிலும் எல்லோரும் அறிந்த முகமாக வாழ்ந்து, 2011இல் காலமானார்.

1978இல் பெர்க்மனின் 'இலையுதிர்கால சொனாட்டா'வில் அவர் ஹெலெனா. நோயால் உடல் முடங்கி, பேச்சு குழறிப்போன மகள். அவள் சொல்வது அக்காவாக வரும் லிவ் உல்மனுக்கு மட்டும்தான் விளங்கும். புகழ்பெற்ற பியானோ கலைஞரான அம்மாவுக்கு, அதாவது இங்க்ரிட் பெர்க்மனுக்கு, அவளைப் பார்க்கவே சங்கடம். தெருத்தெருவாக மைக்கை நீட்டிக் கேள்வி கேட்ட அதே வாய், இங்கே ஒரு சொல்லைப் பிடிக்கத் திணறுகிறது. இந்த முறை யாரும் அவரையும் பாத்திரத்தையும் போட்டுக் குழப்பிக்கொள்ளவில்லை. பெயர் வேறு, கதை கதைதான் என்பதில் சந்தேகமில்லை. பார்ப்பவர் கண்ணுக்கு நடிப்பு நடிப்பாகத் தெரிந்தது.

1984இல் இன்னொன்று. அஸ்த்ரித் லிண்ட்கிரென் எழுதிய குழந்தை நாவலான 'ரோன்யா, கொள்ளைக்காரன் மகள்' படமாகியது. காட்டுக் கோட்டையில் வாழும் கொள்ளைக்காரத் தலைவனும் அவன் மனைவியும், அவர்களுடைய அடங்காத மகளும். மகளைத் தூங்கவைக்க அம்மா லோவிஸ் ஓநாய்ப் பாட்டுப் பாடுவாள். லோவிஸ், லேனா நீமன். பாடியதும் அவர்தான். கொள்ளைக்காரத் தலைவன் மத்திஸ், அதே போர்யே ஆல்ஸ்டெட். மஞ்சள் படம் வந்து பதினேழு ஆண்டுகள் ஆகியிருந்தன. தியேட்டரில் உட்கார்ந்து அந்தத் தாலாட்டைக் கேட்ட ஸ்வீடன் குழந்தைகளுக்கு அந்த இருவரும் ரோன்யாவின் அப்பா, அம்மா.